ஊதிப்போன சென்னை, மெலிந்துபோன சைபீரியா: கார்ட்டோகிராம் வரையப் பழகுங்கள்

சட்டமன்றத் தேர்தல் முடிவு வரும் நாளில் டிவியில் காட்டும் தமிழ்நாட்டு வரைபடத்தைப் பார்த்திருப்பீர்கள். 234 தொகுதிக்கும் கட்சி நிறம் பூசியிருப்பார்கள். அதில் சென்னையைத் தேடினால் வடகிழக்கு மூலையில் ஒரு பொட்டுதான் தெரியும். ராயபுரம், மயிலாப்பூர், தியாகராய நகர், வேளச்சேரி என்று 16 தொகுதிகள் அந்தப் பொட்டுக்குள் அடங்கிக் கிடக்கின்றன. வேறு வழியில்லாமல் ஓரத்தில் ஒரு பெட்டி போட்டுச் சென்னையை மட்டும் பெரிதாக்கிக் காட்டுவார்கள். பெரிய கிராமப்புறத் தொகுதி ஒன்றே அந்தப் பதினாறையும் சேர்த்ததைவிட அதிக இடத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கும். அங்கேயும் ஒரு எம்.எல்.ஏ.தான்.

வரைந்தவர் மேல் தப்பில்லை. சாதாரண வரைபடம் நிலத்தை அளக்கும், ஆளை எண்ணாது. ஆளையோ ஓட்டையோ மருத்துவரையோ எண்ணி, அந்த எண்ணிக்கைக்கு ஏற்ப ஒவ்வொரு ஊரையும் ஊதவைத்து அல்லது சுருக்கிக் காட்டும் வரைபடத்துக்குக் கார்ட்டோகிராம் என்று பெயர்.

உலகப்படத்தில் இது இன்னும் பளிச்சென்று தெரியும். ரஷ்யாவின் பரப்பு சுமார் 1.71 கோடி சதுர கி.மீ. வங்கதேசம் 1.47 லட்சம் சதுர கி.மீ.தான், நம் தமிழ்நாட்டைவிடக் கொஞ்சம் பெரியது, அவ்வளவே. ஆனால் மக்கள்தொகை என்று பார்த்தால் ரஷ்யாவில் சுமார் 14.5 கோடி, வங்கதேசத்தில் 17 கோடிக்கு மேல். மக்கள்தொகையை வைத்து வரைந்தால் சைபீரியா மெல்லிய பட்டையாகிவிடும், வங்கதேசம் ரஷ்யாவை மிஞ்சி நிற்கும். இலங்கையும் ஆஸ்திரேலியாவும் ஏறத்தாழ ஒரே அளவுக்கு வந்துவிடும்.

"உலகத்தையே கோணலாக்கி வைத்திருக்கிறீர்களே" என்று யாராவது கட்டாயம் கேட்பார்கள். கோணல் இல்லாத உலகப்படம் எது? பள்ளிச் சுவரில் தொங்கும் மெர்கேட்டர் படம் 1569-இல் கப்பல் ஓட்டுபவர்களுக்காக வந்தது. அதில் கிரீன்லாந்து ஆப்பிரிக்கா அளவுக்குத் தெரியும். உண்மையில் ஆப்பிரிக்கா அதைப்போல 14 மடங்கு. நம் மொபைல் வரைபடங்கள் பெரும்பாலும் இன்றைக்கும் அதன் வாரிசுகள்தான். ஒரு உருண்டையைத் தட்டைத் தாளில் விரித்தால் எதையாவது விட்டுக்கொடுத்தே ஆக வேண்டும். கார்ட்டோகிராம் எதை விட்டுக்கொடுக்கிறோம் என்பதை மறைக்காமல் செய்கிறது.

வால்டோ டோப்ளர் என்ற புவியியலாளர் 1960-களிலேயே இதைக் கணினியில் முயன்றார். 2004-இல் மைக்கேல் காஸ்ட்னரும் மார்க் நியூமனும் வெளியிட்ட பரவல் முறைதான் நாம் இன்று பார்க்கும் ஊதிய உலகப்படங்களுக்கு வழி திறந்தது. நெரிசலான இடத்திலிருந்து காலியான இடத்துக்கு மக்கள் பரவிக்கொண்டே போய், எங்கும் அடர்த்தி சமமாகும்போது எல்லைக்கோடுகள் எங்கே போய் நிற்குமோ, அதுவே படம். இந்த முறையை வைத்து இங்கிலாந்தின் ஷெஃபீல்ட் பல்கலைக்கழகத்திலிருந்து டேனி டார்லிங் குழுவினர் 2006-இல் வேர்ல்ட்மேப்பர் தளத்தைத் தொடங்கினார்கள். நூற்றுக்கணக்கான படங்கள் அங்கே இருக்கின்றன. வரையத் தொடங்கும் முன் ஒரு மாலை அதில் மேய்ந்துவிட்டு வாருங்கள்.

முதல் வேலை: எதை அளவாக்குவது?

மென்பொருள் பற்றித்தான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள். அது அரை நாள் வேலை. படம் நிற்பதும் விழுவதும் இந்த ஒரு முடிவில்தான்: எந்த எண்ணைப் பரப்பாக மாற்றுகிறோம்?

பரப்பு என்பது கூட்டக்கூடிய பொருள். இரண்டு மாவட்டத்தைச் சேர்த்தால் பரப்பும் சேரும். ஆகவே கூட்டினால் அர்த்தம் தருகிற எண்ணைத்தான் பரப்பாக்க வேண்டும். மக்கள், வாக்குகள், பிறப்புகள், மருத்துவர்கள், டன் கணக்கில் நெல் எல்லாம் கூட்டலாம். சதவீதத்தையும் சராசரியையும் கூட்ட முடியாது. அவற்றைப் பரப்பாக்கக் கூடாது.

எழுத்தறிவு விகிதத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் முதலிடம் கன்னியாகுமரி, 91.75 விழுக்காடு. கடைசி தருமபுரி, 68.54. இதைப் பரப்பாக வைத்து வரைந்தால் என்ன ஆகும்? பெரியதுக்கும் சிறியதுக்கும் வித்தியாசம் ஒன்றே கால் மடங்கைச் சற்றுத் தாண்டும், அவ்வளவுதான். 32 மாவட்டமும் கிட்டத்தட்ட ஒரே அளவில் வரிசையாக உட்கார்ந்திருக்கும். பார்ப்பவர் அதிலிருந்து ஒன்றும் தெரிந்துகொள்ள முடியாது. தனிநபர் வருமானத்தில் நிலைமை இன்னும் மோசம். லக்சம்பர்க் இந்தியாவைவிடப் பல மடங்கு பெரியதாகி நிற்கும். அந்த நாட்டின் மொத்த மக்கள்தொகையைவிட நம் வேலூர் மாவட்டத்தில் 2011-இல் இருந்தவர்கள் அதிகம்.

அப்படியானால் விகிதத்தைக் காட்டவே முடியாதா? முடியும், நிறமாக. மக்கள்தொகையைப் பரப்பாக வைத்துவிட்டு, எழுத்தறிவு விகிதத்தை வெளிர் நிறத்திலிருந்து அடர் நிறம் வரை பூசுங்கள். இப்போது அடர்ந்த நிறம் எவ்வளவு இடத்தைப் பிடித்திருக்கிறதோ, அவ்வளவு பேர் அந்த நிலையில் இருக்கிறார்கள் என்று கண்ணே கணக்குப் போட்டுவிடும். எண்ணிக்கை பரப்புக்கு, விகிதம் நிறத்துக்கு. இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றை நினைவில் வைப்பதென்றால் இதை வையுங்கள்.

சமூகத் தரவில் இந்த இரட்டை முறை எவ்வளவு அவசியம் என்பதற்கு ஒரு கனமான உதாரணம். ஐ.நா. மதிப்பீட்டின்படி 2022-இல் ஐந்து வயதுக்குள் இறந்த குழந்தைகள் 49 லட்சம். இதைப் பரப்பாக்கி வரைந்தால் ஐரோப்பா நூலாகிவிடும். சஹாராவுக்குத் தெற்கே உள்ள ஆப்பிரிக்கா பாதிக்கு மேல் அடைத்துக்கொள்ளும், தெற்காசியா அடுத்த பெரிய பங்கு. படம் உண்மைதான், ஆனால் இதை மட்டும் பார்க்கிற ஒருவர் இந்தியாவையும் நைஜீரியாவையும் ஒரே தட்டில் வைத்துவிடுவார். இந்தியா பெரியதாகத் தெரிவதற்கு ஒரு காரணம், இங்கே குழந்தைகளே ஏராளம் என்பது. நைஜீரியாவின் மக்கள்தொகை நம்மில் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு, ஆனாலும் அங்கே இறக்கும் குழந்தைகளின் எண்ணிக்கை நம்மைத் தாண்டிவிட்டது. ஆயிரம் பிறப்புக்கு எத்தனை இறப்பு என்ற விகிதத்தை மேலே நிறமாகப் பூசினால்தான் இந்த வித்தியாசம் வெளியே வரும்.

இன்னொரு வகை எண்ணும் மாட்டிவிடும்: மைனஸ். பத்தாண்டில் மக்கள்தொகை எவ்வளவு கூடியது என்று வரையப் போனால், 2001-க்கும் 2011-க்கும் நடுவே நீலகிரியில் 7.62 லட்சம் 7.35 லட்சமாகக் குறைந்திருக்கிறது. மைனஸ் பரப்பு என்று ஒன்று கிடையாது. கூடியவற்றுக்கு ஒரு படம், குறைந்தவற்றுக்கு ஒரு படம் என்று பிரியுங்கள், இல்லையென்றால் மாற்றத்தை நிறத்துக்குத் தள்ளிவிடுங்கள்.

கிராஃப் தாளில் தமிழ்நாடு

கணினியைத் தொடும் முன் ஒரு படத்தையாவது கையால் போடச் சொல்வேன். பத்தாம் வகுப்புக் கணக்குக்கு வாங்குகிற அதே கிராஃப் தாள் போதும். பாரிமுனையில் தேட வேண்டியதில்லை, தெருமுனை ஸ்டேஷனரிக் கடையிலேயே கிடைக்கும்.

2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டு மக்கள்தொகை 7.21 கோடி. ஒரு கட்டத்துக்கு ஒரு லட்சம் பேர் என்று வைத்தால் 721 கட்டம். கட்டத்தை 5 மி.மீ. பக்கமாக எடுத்தால் மொத்தம் 180 சதுர செ.மீ. ஏ4 தாளில் தாராளமாக அடங்கும்.

இங்கே ஒரு சின்னக் கணக்கு. மாநிலத்தின் பரப்பு சுமார் 1.30 லட்சம் சதுர கி.மீ. அதை 721-ஆல் வகுத்தால் கட்டத்துக்கு 180 சதுர கி.மீ. வருகிறது. ஒரு மாவட்டத்தின் பரப்பை இந்த 180-ஆல் வகுத்தால், சாதாரண வரைபடத்தில் அதற்கு எத்தனை கட்டம் என்று தெரிந்துவிடும். அன்றைய சென்னை மாவட்டத்தின் பரப்பு சுமார் 175 சதுர கி.மீ. நிலத்தின் கணக்கில் ஒரே ஒரு கட்டம், அதுகூட முழுசாக இல்லை. மக்கள் கணக்கில் 46 கட்டம்.

மற்ற மாவட்டங்களுக்கும் இதைப் போட்டுப் பாருங்கள். நீலகிரி நிலத்துக்கு 14, ஆளுக்கு 7. சிவகங்கை 23-லிருந்து 13, ராமநாதபுரம் 23-லிருந்து 14. கன்னியாகுமரி எதிர்ப்பக்கம் போகும்: 9 கட்டம் 19 ஆகும். சென்னை, திருவள்ளூர், அன்றைய காஞ்சிபுரம் மூன்றும் சேர்ந்து நிலத்தில் சுமார் 45 கட்டம், மக்களில் 123. மாநிலத்தில் ஆறில் ஒருவர் அந்த மூலையில் இருந்திருக்கிறார்.

இனி வரைவது. பென்சிலால் போடுங்கள், அழிப்பான் நிறைய வேலை செய்யும். முதலில் நங்கூரம் மாதிரி மூன்று மூலைகளைப் பிடியுங்கள்: வடகிழக்கில் சென்னை, மேற்கில் நீலகிரி, தெற்கு நுனியில் கன்னியாகுமரி. சென்னையின் 46 கட்டத்தைக் கடற்கரையை ஒட்டி, வடக்கு தெற்காகக் கொஞ்சம் நீளமாக வையுங்கள். மேலேயும் மேற்கேயும் சுற்றிக்கொண்டு திருவள்ளூருக்கு 37, கீழே காஞ்சிபுரத்துக்கு 40. இதை முடித்ததும் வேலூருக்கு (39) இடம் இருக்காது. அதை மேற்கே தள்ளுவீர்கள், அது திருவண்ணாமலையை இடிக்கும், விழுப்புரம் தெற்கே இறங்கும். இந்த இடிபாட்டைத்தான் மென்பொருள் நமக்குத் தெரியாமல் உள்ளே செய்கிறது. கையால் ஒருமுறை செய்தவர்களுக்கு, கணினி தரும் படத்தில் ஒரு மாவட்டம் ஏன் அப்படி வளைந்திருக்கிறது என்பது பார்த்தவுடன் புரியும்.

இரண்டு விதிகள் போதும். அடுத்தடுத்த மாவட்டங்கள் படத்திலும் ஒட்டியிருக்க வேண்டும், கடலோரம் கடலோரமாகவே இருக்க வேண்டும். உருவம் அச்சு அசலாக வரவில்லை என்று கவலைப்படாதீர்கள். முழு எண்ணாக்கும்போது கூட்டுத்தொகை 721-ஐவிட ஒன்றிரண்டு கூடலாம், குறையலாம். பெரிய மாவட்டம் ஒன்றில் சரிக்கட்டிவிடுங்கள், கண்ணுக்குத் தெரியாது.

வகுப்பறையில் உலகத்தைப் போடுவதென்றால் கட்டத்துக்கு ஒரு கோடி பேர். ஐ.நா.வின் 2024 மதிப்பீட்டில் இந்தியா 145 கட்டம், சீனா 142, அமெரிக்கா 35, இந்தோனேசியா 28, பாகிஸ்தான் 25, நைஜீரியா 23, பிரேசில் 21, ஜப்பான் 12. கனடாவுக்கு 4, ஆஸ்திரேலியாவுக்கு 3. பதினைந்து லட்சம் சதுர கி.மீ.க்கு மேல் விரிந்த மங்கோலியாவுக்குக் கட்டமே கிடைக்காது, அங்கே இருப்பவர்கள் 35 லட்சம் பேர்தான். மாணவர்கள் இதில்தான் நிமிர்ந்து உட்காருவார்கள். ஒரு நாட்டையே விட்டுவிடலாமா, அரைக் கட்டம் தரலாமா என்று அவர்களையே பேசவிடுங்கள்.

தரவும் எல்லைக்கோடும்

சரி, இப்போது கணினி. இரண்டு கோப்பு வேண்டும். ஒன்று எண்களின் அட்டவணை, இன்னொன்று எல்லைகளின் கோப்பு. இரண்டும் ஒன்றோடொன்று பொருந்துவதில்தான் பாதி நேரம் போகும்.

நாடுகளின் மக்கள்தொகைக்கு ஐ.நா. மக்கள்தொகைப் பிரிவின் அட்டவணை, பொருளாதாரம், சுகாதாரம், கல்விக்கு உலக வங்கியின் திறந்த தரவுத்தளம், இந்திய மாவட்டங்களுக்கு மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் தளம். எல்லாமே இலவசம். உலக வங்கி அட்டவணையில் நாடுகளோடு 'உலகம்', 'தெற்காசியா', 'அதிக வருமான நாடுகள்' என்ற தொகுப்பு வரிகளும் கலந்திருக்கும். அவற்றை நீக்காமல் கூட்டினால் மொத்தம் எங்கோ போய்விடும்.

பெயரை வைத்து இணைக்காதீர்கள். எகிப்தை உலக வங்கி 'எகிப்து, அரபுக் குடியரசு' என்று எழுதும், எல்லைக்கோப்பில் வெறும் எகிப்து. நம் ஊர்ப் பெயர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டல் பற்றிச் சொல்லவே வேண்டாம். தூத்துக்குடி, காஞ்சிபுரம், விழுப்புரம் ஒவ்வொன்றும் கோப்புக்குக் கோப்பு ஓர் எழுத்து கூடியோ குறைந்தோ இருக்கும். கணினிக்கு அது வேறு ஊர். நாடுகளுக்கு மூன்றெழுத்து ஐஎஸ்ஓ குறி இருக்கிறது, மாவட்டங்களுக்குக் கணக்கெடுப்புக் குறியெண் இருக்கிறது. 2011-இல் சென்னையின் எண் 603. அதை வைத்து இணையுங்கள்.

தமிழ்நாட்டில் இன்னொரு பள்ளம் உண்டு. 2011-இல் மாவட்டங்கள் 32. அப்புறம் 2019-இல் கள்ளக்குறிச்சி, தென்காசி, செங்கல்பட்டு, ராணிப்பேட்டை, திருப்பத்தூர், 2020-இல் மயிலாடுதுறை என்று பிரித்து இப்போது 38. இதற்கு நடுவே 2018-இல் சென்னை மாவட்டமும் 175-லிருந்து 426 சதுர கி.மீ.க்கு விரிந்தது. 2021-இல் நடந்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனதால் இன்னும் 2011 எண்களை வைத்துத்தான் ஓட்டுகிறோம். எனவே 38 மாவட்ட எல்லைக்கோப்பில் 32 மாவட்ட எண்களைப் போட்டால் ஆறு மாவட்டம் காலியாக நிற்கும். அதைவிட ஆபத்து, பழைய 46 லட்சம் புதிய விரிந்த சென்னைக்குள் சத்தமில்லாமல் உட்கார்ந்துகொள்வது. பிழைச் செய்தி எதுவும் வராது, படமும் நன்றாகவே இருக்கும். எந்த ஆண்டு எண்ணோ அந்த ஆண்டு எல்லை. வேறு சமாதானம் கிடையாது. புதிய மாவட்டமாகத்தான் வேண்டும் என்றால் 2011-இன் வட்ட (தாலுகா) அளவிலான எண்களை எடுத்து நீங்களே கூட்டிக்கொள்ள வேண்டும்.

தகவல் இல்லாத நாட்டை அப்படியே விட்டால் மென்பொருள் அதைப் பூஜ்ஜியம் என்று எடுத்துக்கொள்ளக்கூடும். அந்த நாடு காணாமல் போவதோடு, பக்கத்து நாடுகள் அந்த ஓட்டைக்குள் சரியும். பக்கத்து ஆண்டின் எண்ணையோ ஒரு மதிப்பீட்டையோ கொடுத்து, சாம்பல் நிறம் பூசி, 'தகவல் இல்லை' என்று குறியுங்கள். அண்டார்டிகாவை முதலிலேயே தூக்கிவிடுங்கள்.

உலக எல்லைகளுக்கு நேச்சுரல் எர்த் என்ற இலவசக் கோப்பு பிரபலம். ஒன்று கவனியுங்கள்: அதன் வழக்கமான கோப்பில் காஷ்மீர் எல்லை இந்திய அரசின் படத்தோடு ஒத்துப்போகாது. சர்வே ஆஃப் இந்தியா படத்தோடு பொருந்தாத இந்திய வரைபடத்தை வெளியிடுவது 1961-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். நேச்சுரல் எர்த்திலேயே இந்தியாவின் பார்வையில் வரைந்த கோப்பு தனியாக இருக்கிறது. தொடக்கத்திலேயே அதை எடுத்துக்கொண்டால், முடித்தபிறகு எல்லாவற்றையும் மறுபடி செய்யும் தலைவலி இல்லை.

எந்த வகை?

எல்லைகள் ஒட்டியபடியே, சப்பாத்தி மாவை இழுப்பதுபோல் நாடுகளை இழுத்து வளைப்பது தொடர் வகை. வேர்ல்ட்மேப்பர் படங்கள் இந்த ரகம். உலகப்படத்துக்கு இதுதான் என் முதல் தேர்வு, ஏனென்றால் இந்தியாவின் முக்கோணத்தையும் ஆப்பிரிக்காவின் கொம்பையும் எவ்வளவு இழுத்தாலும் ஜனங்கள் அடையாளம் கண்டுகொள்வார்கள்.

தமிழ்நாட்டு மாவட்டங்களுக்கு அது சரிப்படுமா என்பது சந்தேகம். அரியலூரின் உருவம் எப்படி இருக்கும் என்று எத்தனை பேருக்குத் தெரியும்? தெரியாத உருவத்தைச் சிதைத்துக் காட்டி என்ன பயன்? போதாததற்கு, 2011 கணக்கில் சென்னையின் அடர்த்தி சதுர கி.மீ.க்கு 26,553 பேர், மாநிலச் சராசரி 555. கிட்டத்தட்ட 48 மடங்கு. இவ்வளவு பெரிய வித்தியாசத்தை இழுத்துச் சமன்செய்யும்போது பக்கத்து மாவட்டங்கள் பிய்ந்த துணியாகிவிடும். இங்கே மாவட்டத்துக்கு ஒரு வட்டம், மக்கள்தொகைக்கு ஏற்ற அளவில், போடும் டார்லிங் வகை நன்றாக வேலை செய்யும். வட்டத்துக்குள் பெயரையும் எழுதலாம்.

தேர்தலுக்கு அறுகோணம். ஒரு தொகுதிக்கு ஒரு அறுகோணம், எல்லாம் ஒரே அளவு. நாடாளுமன்றத்தின் 543 தொகுதியை இப்படி அடுக்கினால் வடசென்னை, தென்சென்னை, மத்திய சென்னை மூன்றும் லடாக் தொகுதியைப்போல மூன்று மடங்கு இடம் பெறும். சாதாரணப் படத்தில் லடாக்கின் விரிப்பையும் இந்த மூன்றையும் ஒப்பிட்டுப் பாருங்கள். மறுவரையறை விவாதத்தில் எந்த மாநிலத்துக்கு எத்தனை இடம் என்று பேசுகிற இந்தக் காலத்தில், அதைக் காட்ட இதைவிட நேரான படம் இல்லை.

மென்பொருளில்

நிரல் எழுதத் தெரியாது என்றால் கோ-கார்ட் இணையதளத்தில் தொடங்குங்கள். சிங்கப்பூரில் காஸ்ட்னர் தன் குழுவினரோடு உருவாக்கியது. படத்தைத் தேர்ந்தெடுத்து, அட்டவணையை இறக்கி, எண்களை நிரப்பி, திரும்ப ஏற்றினால் கார்ட்டோகிராம் வந்துவிடும். எதையும் நிறுவ வேண்டாம்.

சொந்த எல்லைக்கோப்பை வைத்து வேலை செய்ய க்யூஜிஐஎஸ் என்ற இலவச வரைபட மென்பொருள் நல்லது. அதன் செருகுநிரல் பட்டியலில் கார்ட்டோகிராம் என்று தேடி நிறுவிக்கொள்ளுங்கள். அடுக்கைத் தேர்ந்தெடுத்து, எண் இருக்கும் பத்தியைக் காட்டி, எத்தனை சுற்று இழுத்துத் திருத்த வேண்டும் என்று சொன்னால் போதும். ஆர் என்ற நிரல்மொழி தெரிந்தவர்களுக்கு கார்ட்டோகிராம் என்ற பெயரிலேயே ஒரு தொகுப்பு உண்டு. தொடர் வகை, ஒட்டாத வகை (ஒவ்வொரு ஊரும் தன் உருவம் மாறாமல் தனித்தனியாக அளவு மாறுவது), டார்லிங் வட்டம் மூன்றும் அதில் இருக்கின்றன.

எதில் செய்தாலும் முதலில் வீழலை, அதாவது பூமி உருண்டையைத் தட்டையாக விரிக்கும் முறையை, மாற்றுங்கள். இறக்கிய கோப்பு பெரும்பாலும் அட்சரேகை, தீர்க்கரேகை டிகிரியில் இருக்கும். டிகிரியில் பரப்பைக் கணக்கிட்டால் அபத்தமாக வரும், ஆர் தொகுப்பு அப்படிப்பட்ட கோப்பை வாங்கவே வாங்காது. உலகத்துக்கு ஈக்வல் எர்த் வீழல், மென்பொருளில் அதைத் தேடுவதற்கான இபிஎஸ்ஜி எண் 8857. தமிழ்நாட்டுக்கு யூடிஎம் 44 வடக்கு மண்டலம், எண் 32644.

அடுத்தது புள்ளிகள். எல்லைக்கோடு என்பது புள்ளிகளை இணைத்த கோடு, மென்பொருள் நகர்த்துவது அந்தப் புள்ளிகளைத்தான். கோப்பு கனமாக இருக்கிறதே என்று மிக எளிமையாக்கிவிட்டால் நீண்ட நேர்க்கோடுகள் மிஞ்சும். நேர்க்கோட்டின் நடுவில் புள்ளி இல்லாததால் அது வளையாது, பக்கத்து மாவட்டத்தின் மேல் ஏறி உட்காரும். எளிமையாக்கியபின், குறிப்பிட்ட இடைவெளியில் புள்ளிகளைச் சேர்க்கும் கருவியை ஒருமுறை ஓட்டிவிடுங்கள். க்யூஜிஐஎஸ்ஸிலேயே இருக்கிறது.

சுற்றுகளை ஐந்தில் தொடங்குங்கள். ஒவ்வொரு சுற்றிலும் பிழை குறையும், உருவமும் கெடும். பதினைந்துக்கு மேல் போயும் சரியாகவில்லை என்றால் சிக்கல் சுற்றில் இல்லை, தரவில் ஒரு பூஜ்ஜியமோ சென்னை மாதிரி ஒரு அடர்த்தியோ இருக்கிறது.

வந்த படத்தை நம்பிவிடாதீர்கள். புதிய பரப்பைக் கணக்கிட்டு மக்கள்தொகையால் வகுத்து ஒரு பத்தி போடுங்கள். எல்லா வரியிலும் ஏறத்தாழ ஒரே எண் வர வேண்டும். எந்த வரி தனியாக நிற்கிறதோ அந்த மாவட்டம் இன்னும் தன் அளவுக்கு வரவில்லை.

வெளியிடும் முன்

பக்கத்தில் சாதாரண வரைபடத்தைச் சின்னதாகவாவது வையுங்கள். இரண்டையும் மாறி மாறிப் பார்க்கும்போதுதான் எது ஊதியது, எது சுருங்கியது என்பது பிடிபடும். கார்ட்டோகிராமை மட்டும் தனியாகப் பார்ப்பவருக்கு அது ஏதோ ஒரு கொழகொழத்த உருவம்.

நிறம் இரண்டு வேலையில் ஒன்றைத்தான் செய்ய முடியும்: விகிதத்தைக் காட்டலாம், அல்லது எந்தக் கண்டம் எது என்று அடையாளம் சொல்லலாம். தொடராகப் பல படங்கள் போடுவதென்றால் இரண்டாவதே நல்லது. வேர்ல்ட்மேப்பரில் எல்லாப் படத்திலும் ஒரு பகுதிக்கு ஒரே நிறக் குடும்பம்தான், மத்திய ஆப்பிரிக்கா சிவப்பில் தொடங்கி ஜப்பான் ஊதாவில் முடியும். பத்துப் படம் பார்த்தபின் நிறத்தை வைத்தே நாட்டைக் கண்டுபிடித்துவிடலாம்.

விளக்கக் குறியில் ஒரு சின்னச் சதுரம் போட்டு 'இவ்வளவு இடம் = 1 கோடி பேர்' என்று எழுதுங்கள். கிலோமீட்டர் அளவுகோலை நீக்கிவிடுங்கள், இந்தப் படத்தில் தூரத்துக்கு அர்த்தம் இல்லை. திசைகாட்டும் அம்புக்குறியும் தேவையில்லை.

நாட்டளவுப் படம் நாட்டுக்குள் இருப்பதை மறைக்கும் என்பதையும் மறக்க வேண்டாம். எகிப்தை முழுசாக ஊதவைத்தால் பாலைவனமும் சேர்ந்து ஊதும், ஆனால் ஜனங்கள் அங்கே நைல் ஓரமாகத்தான் நெருங்கி வாழ்கிறார்கள். இதற்காகவே நாட்டெல்லையை விட்டுவிட்டு, நிலத்தைச் சிறு சிறு கட்டமாக வெட்டி ஒவ்வொரு கட்டத்தையும் ஊதவைக்கும் முறையை பெஞ்சமின் ஹென்னிக் செய்திருக்கிறார். அது அடுத்த கட்டப் பாடம். முதல் படத்திலேயே அதில் இறங்க வேண்டாம்.

வரைபடப் பழக்கமே இல்லாத ஒருவரிடம், வீட்டில் அம்மாவிடமோ பக்கத்து வீட்டு அண்ணனிடமோ, விளக்காமல் படத்தை நீட்டி "இதில் என்ன தெரிகிறது?" என்று கேளுங்கள். "சென்னை பெரிசா இருக்கு, ஜனம் ஜாஸ்தி போல" என்று வந்தால் படம் தயார். "இந்த ஊர்தான் தமிழ்நாட்டுலயே பெரிய ஊரா, இவ்வளவு தூரமா?" என்று வந்தால் தலைப்பை மாற்றுங்கள், பரப்பு எதைக் குறிக்கிறது என்பதைத் தலைப்பிலேயே சொல்லுங்கள்.

ஆண்டையும் தரவு வந்த இடத்தையும் படத்துக்குள்ளேயே, கீழ் ஓரத்தில், படிக்கிற அளவில் எழுதுங்கள். கூடவே எழுதிய விளக்கம் எவ்வளவு நன்றாக இருந்தாலும், வாட்ஸ்அப்பில் போகப்போவது படம் மட்டும்தான்.